காலம் கடந்தபின் விசாரிக்கப்படும் வழக்குகள்

நேயர்களுக்கு வணக்கம்.

500, 1000 ரூபாய் நோட்டுகள் செல்லாது என்ற 2016 நவம்பர் 8 அறிவிப்பை எதிர்த்து வந்த வழக்குகளை, உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு டிசம்பர் 16 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்கு அனுப்பியது. விசாரணை நடந்ததோ 2022 பிற்பகுதியில்தான். பழைய நோட்டுகள் புழக்கத்தை விட்டே போய் ஆண்டுகள் ஆகிவிட்ட நிலையில், இது இனி ஏட்டளவிலான கேள்வி என்று மத்திய அரசுத் தரப்பு சொன்னது. அப்படியல்ல, இத்தகைய நடவடிக்கைக்கு நாடாளுமன்றத்தின் தனிச்சட்டம் வேண்டும் என்று மனுதாரர் தரப்பில் ப. சிதம்பரம் வாதாடினார்.

அரசுத் தரப்பு எழுப்பிய ஆட்சேபத்துக்குப் பின்னால் பழமையான, நியாயமான ஒரு கொள்கை இருக்கிறது. நீதிமன்றத்தின் வேலை இரு தரப்புக்கு இடையே உள்ள பூசலைத் தீர்ப்பது. பூசலே இல்லாதபோது கருத்துச் சொல்வதல்ல. வீட்டை இடிக்க நோட்டீஸ் கொடுத்த அதிகாரி அதைத் திரும்பப் பெற்றுவிட்டால் வழக்கை முடித்து வைப்பதில் யாருக்கும் குறையில்லை. ஆனால் காலத்தைக் கடத்தியது நீதிமன்றமாகவே இருக்கும்போது, அந்தத் தாமதத்தின் விலையை மனுதாரர் தலையில் கட்டுவது எனக்கு ஒப்பவில்லை.

நல்லவேளையாக அந்த அமர்வு கேள்வியைத் தட்டிக் கழிக்கவில்லை. 2023 ஜனவரி 2 அன்று நான்கு நீதிபதிகள் அறிவிப்பு செல்லும் என்றனர். நீதிபதி நாகரத்னா மாறுபட்டார். அவர் பார்வையில், ரிசர்வ் வங்கிச் சட்டத்தின் 26(2) பிரிவுப்படி நோட்டுகளைச் செல்லாதவையாக்கும் பரிந்துரை வங்கியின் மத்தியக் குழுவிடமிருந்து எழ வேண்டும். இங்கோ நவம்பர் 7 அன்று அரசு கடிதம் எழுத, மறுநாளே வங்கி பரிந்துரைத்தது. எனவே அறிவிப்பு சட்டவிரோதம் என்று எழுதிய அவராலும், நடந்து முடிந்ததை இனி மாற்ற முடியாது என்பதால் நிவாரணம் எதுவும் வழங்க இயலவில்லை. ஆனாலும் நாளை இந்த அதிகாரத்தைக் கையில் எடுக்க நினைக்கும் எந்த அரசும் படிக்க வேண்டிய பக்கங்கள் அவை.

இதைவிட என்னை வருத்துவது, செய்தியாகாத வழக்குகள். தமிழ்நாட்டில் மக்கள் குண்டர் சட்டம் என்று அழைக்கும் 1982 ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒருவரை விசாரணையின்றி அதிகபட்சம் 12 மாதம் அடைத்து வைக்கலாம். அவருடைய தாயோ மனைவியோ தாக்கல் செய்யும், காவலின் நியாயத்தைக் கேள்வி கேட்கும் ஆட்கொணர்வு மனு, பட்டியலில் ஏறி, அரசின் பதில்மனுவுக்காகத் தள்ளிப்போய், வாதத்துக்கு வருவதற்குள் மாதங்கள் ஓடிவிடுகின்றன. காவல் காலம் முடிந்துவிட்டது என்று அரசு வழக்கறிஞர் எழுந்து சொன்னால், மனுவை முடித்து வைக்க ஒரு வரி உத்தரவு போதும். அடைத்தது சரியா தவறா என்ற கேள்விக்கு அங்கே பதில் கிடைக்காது.

விடுதலையானவருக்கு இனி என்ன வேண்டும் என்று கேட்கலாம். தான் அடைக்கப்பட்டது சட்டப்படி தவறு என்ற ஒரு வரி, அவர் இழப்பீடு கேட்கவும், ஊரார் முன் தலைநிமிரவும் உதவும். அதைவிட முக்கியமானது, அதே குறையோடு அடுத்தவர்மீது உத்தரவு பிறப்பிக்கும் அதிகாரியின் கையை அது தடுக்கும். காலம் முடிந்திருந்தாலும், உத்தரவு செல்லத்தக்கதா என்று ஆராய்ந்து இரண்டு பத்தியாவது எழுதிய பிறகே இத்தகைய மனுக்களை முடித்து வைக்க வேண்டும் என்று நீதிபதிகளைக் கேட்டுக்கொள்கிறேன்.

வணக்கம்.