வலிக்காத கால்

வணக்கம். நான் ராயபுரத்துக்காரி. முப்பது வருஷத்துக்கு மேல் புண்ணுக்குக் கட்டுப் போடுகிற அறையில் நர்ஸாக நின்றவள். வலியைப் பற்றிப் பேச விட்டால் நிறுத்தமாட்டேன், நேரம் ஆனால் கையைக் காட்டுங்கள் என்று ஸ்டுடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருக்கிற தம்பியிடம் முன்பே சொல்லி வைத்திருக்கிறேன்.

நிலைப்படியில் கால் கட்டைவிரலை இடித்துக்கொள்ளாதவர் யாராவது உண்டா? அந்த நேரத்தைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். முதலில் இடித்தது மட்டும் தெரியும், வலி இருக்காது. ஐயோ வரப்போகிறதே என்று பல்லைக் கடிப்பதற்குள் சுரீரென்று ஒன்று. அது அடங்குகிற நேரத்தில் விண்விண் என்று இன்னொன்று வந்து உட்காரும், லேசில் எழுந்து போகாது. இடி ஒன்றுதான், சேதி மூன்று. தொட்டதைச் சொல்லும் நரம்பிழை தடிமன், மேலே கொழுப்பு உறை சுற்றியது, நொடிக்கு 30 மீட்டருக்கு மேல் ஓடும். சுரீரைத் தூக்கி வருவதற்கு மெல்லிய உறைதான், 5 முதல் 30 மீட்டர். விண்விண்ணைக் கொண்டு வருகிற இழைக்கு உறையே கிடையாது, நொடிக்கு ஒரு மீட்டர், மிஞ்சினால் இரண்டு. தீபாவளிக்கு முன்னால் எம்.சி. ரோட்டுத் துணிக்கடைக் கூட்டத்தில் நாம் நடக்கிறோமே, அதைவிடக் கொஞ்சம் வேகம், அவ்வளவுதான்.

இந்த இழைகளின் நுனிகள் தோலில் இருக்கின்றன. 1906இல் ஷெரிங்டன் என்ற இங்கிலாந்துக்காரர் அடிபட்டதைச் சொல்லும் இந்த வேலைக்குப் பெயர் வைத்தபோது வலி என்ற சொல்லை விட்டுவிட்டு, கேடு என்ற பொருளில் லத்தீன் சொல்லை எடுத்தார். சரியான ஆள். நுனி சொல்வது 'இங்கே கேடு' என்ற சேதி மட்டும், அதை வலியாக்குவது மூளை. சுடுபாத்திரத்திலிருந்து கை வெடுக்கென்று வருகிறதே, அது தண்டுவடமே போடுகிற உத்தரவு. மூளைக்கு விஷயம் அப்புறம்தான் போகும்.

நுனியை ஏமாற்றவும் முடியும். பீச் ஸ்டேஷன் பக்கம் பர்மா நூடுல்ஸ் அத்தோ சாப்பிட்டு, காரத்தோடு சுடச்சுட வாழைத்தண்டு சூப்பை வாயில் விட்டிருக்கிறீர்களா? சுமார் 43 டிகிரி சூட்டில் திறக்கிற கதவு ஒன்று அந்த நுனிகளில் இருக்கிறது. மிளகாய் அதே கதவைச் சூடில்லாமலே திறந்துவிடும். ஏற்கெனவே திறந்த கதவில் சூப்பும் வந்தால் கேட்கவா வேண்டும்! கதவைக் கண்டுபிடித்த டேவிட் ஜூலியஸுக்கு 2021இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது.

சரி, நான் சொல்ல வந்தது எங்கள் சித்தப்பா கதை. காசிமேட்டில் மீன் ஏலத்தில் இருந்தவர், சுகர் பதினைந்து வருஷம். ஒரு நாள் மத்தியானம் வீட்டுக்கு வந்து, சாப்பிட்டு, திண்ணையில் பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறார். சித்தி கூட்ட வந்தவள், தரையெல்லாம் என்ன சிவப்பு என்று கத்தினாள். ஓடிப் போய்ப் பார்த்தால், தூண்டில் முள் ஒன்று ரப்பர் செருப்பைத் துளைத்து, கட்டைவிரலுக்குக் கீழே காலில் இறங்கி, செருப்பும் காலும் ஒன்றாகத் தைத்துக் கிடக்கிறது. "சித்தப்பா, இது எப்ப ஏறுச்சு?" "எதும்மா?" என்றார். துறைமுகத்திலிருந்து அந்த முள்ளோடு நடந்தே வந்திருக்கிறார்! அதற்கு ஒரு மாசம் முன்னால் செருப்பு கழன்று விழுந்தது தெரியாமல் வெறுங்காலோடு வந்து நின்றபோது எல்லோரும் சிரித்தோம், நானும்தான். நர்ஸ் நான், எனக்கு உறைத்திருக்க வேண்டும். கால் தப்பியது, இரண்டு விரல் போயிற்று.

சுகர் நீளமான நரம்பைத்தான் முதலில் பிடிக்கும், அதனால்தான் கால்விரல் நுனியிலிருந்து மரத்துக்கொண்டு வரும். முதலில் எரிச்சல், குத்தல். அப்புறம் ஒன்றும் இல்லை. எரிச்சல் போய்விட்டது சிஸ்டர், இப்போது நன்றாக இருக்கிறேன் என்று சந்தோஷமாக வந்து சொல்வார்கள், எனக்கு அங்கேதான் பயம் பிடிக்கும். வலிக்கிற காலை நீங்களே கவனிப்பீர்கள். வலிக்காத காலைக் கண்ணால்தான் பார்க்க வேண்டும், தினமும், குனிய முடியாவிட்டால் தரையில் ஒரு கண்ணாடியை வைத்து. வெந்நீரைக் காலால் பார்க்காதீர்கள், முழங்கையால் பாருங்கள். திரும்பவும் சொல்கிறேன், முழங்கை.

தம்பி கையைக் காட்டுகிறார். இடித்த இடத்தைத் தேய்த்தால் ஏன் வலி குறைகிறது என்று வைத்திருந்தேன், தொடு நரம்பின் சேதி தண்டுவடத்தில் வலிச் சேதிக்குக் கதவைச் சாத்துகிறது என்று 1965இல் மெல்ஸாக், வால் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் சொன்னார்கள், அவ்வளவு போதும். இன்னொன்று, நம்ம ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த மூளை ஆராய்ச்சியாளர் வி.எஸ். ராமச்சந்திரன். கை போனவர்களுக்கு இல்லாத கை வலிக்கும். இருக்கிற கையைக் கண்ணாடியில் காட்டி, விரலை விரிக்கச் சொன்னார், சிலருக்கு வலி விட்டது. ஏன் என்று சொல்ல இன்னொரு நாள் கூப்பிட வேண்டும். வணக்கம்.