‘ஒத்துக்கிட்டு ஃபைன் கட்டிடு’ என்கிறார்களே, கட்டலாமா?

[திரையில்: நீதித்துறை நடுவர் நீதிமன்ற வராண்டா, காலை 10.30]

நீதிமன்ற ஊழியரான டவாலி பெயரைக் கூப்பிடுகிறார். ஒருவர் போய்க் கைகட்டி நிற்கிறார். இந்தத் தேதியில், இந்த இடத்தில் குடித்துவிட்டு வண்டி ஓட்டியதாக வழக்கு என்று நடுவர் இரண்டு வரியில் சொல்லிவிட்டுக் கேட்கிறார்: “குற்றத்தை ஒப்புக்கொள்கிறீர்களா?”

“ஒத்துக்கிறேங்கய்யா.”

10,000 ரூபாய் அபராதம். எல்லாம் சேர்த்து இரண்டு நிமிடம். பணத்தைக் கட்டியவர் ரசீதை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கிளம்புகிறார். அவர் கணக்கில் கேஸ் முடிந்தது. சட்டத்தின் கணக்கில் அவர் தண்டனை பெற்றவர்.

குடித்துவிட்டு வண்டி ஓட்டும் வழக்கையே எடுத்துக்கொள்வோம். மோட்டார் வாகனச் சட்டம் 185-வது பிரிவு. முதல் தடவை என்றால் 6 மாதம் வரை சிறை, அல்லது 10,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். இதுவரை பலருக்கும் தெரியும். தெரியாதது அதே சட்டத்தின் 20-வது பிரிவு. 185-ல் தண்டனை என்றாலே, குறைந்தது 6 மாதத்துக்கு லைசென்ஸ் தகுதிநீக்கத்துக்கும் நீதிமன்றம் உத்தரவிட வேண்டும். லோடு வண்டி ஓட்டிப் பிழைக்கிறவருக்கு 10,000 ரூபாயைவிட இந்த 6 மாதம்தான் இடி. ஆகவே வாயைத் திறப்பதற்கு முன் ஊதிப் பார்த்த கருவியின் சீட்டைப் பாருங்கள். 100 மில்லி ரத்தத்தில் 30 மில்லிகிராமைத் தாண்டியிருந்தால்தான் குற்றம்.

[திரையில்: பி.என்.எஸ்.எஸ். பிரிவுகள் 274, 275]

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பி.என்.எஸ்.எஸ். (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) வந்துவிட்டது. அதிகபட்சம் 2 ஆண்டு வரை சிறை உள்ள குற்றங்கள் சம்மன் வழக்குகள். இவற்றில் முறையான குற்றச்சாட்டு வனைய, அதாவது எழுத்தில் வகுக்க, வேண்டியதில்லை. குற்றத்தின் சாராம்சத்தைச் சொல்லிக் கேட்டால் போதும். நீங்கள் ஒப்புக்கொண்டால், கூடியவரை நீங்கள் சொன்ன வார்த்தைகளிலேயே நடுவர் பதிவு செய்ய வேண்டும். இது வெறும் சம்பிரதாயமில்லை. “அடிச்சேங்கய்யா, ஆனா அவன்தான் முதல்ல கட்டையை எடுத்தான்” என்று ஒருவர் சொன்னால், அது ஒப்புதல் ஆகாது. தற்காப்பு என்கிறார், வழக்கு விசாரணைக்குப் போக வேண்டும். அந்த வாக்கியத்தின் பின்பாதி பதிவாகாமல் ‘ஒப்புக்கொண்டார்’ என்ற ஒற்றைச் சொல் மட்டும் ஏறிவிட்டால், கோளாறு அங்கேதான் தொடங்குகிறது. ஒப்புக்கொண்டாலும் தண்டித்தே தீர வேண்டும் என்றில்லை, அது நடுவரின் விருப்புரிமை.

அடுத்த பொறி, வராண்டாவில் கிடைக்கும் இலவச ஆலோசனை. “ஒத்துக்கோ, ஃபைனோட விட்டுடுவாங்க.” சொன்னது யாராக இருந்தாலும் அந்த வாக்குறுதி நடுவரைக் கட்டுப்படுத்தாது. லேசான தண்டனை என்று நம்பவைத்து ஒப்புக்கொள்ள வைத்துவிட்டு, மேல்முறையீட்டில் அதைக் கூட்டுவது அரசியலமைப்பின் 21-வது பிரிவுக்கு எதிரானது என்று திப்பேசாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் நம்பவைத்தார்கள் என்பதற்கு உங்களிடம் என்ன சாட்சி இருக்கும்? ஒப்புக்கொண்டு தண்டனை பெற்றவர் ‘நான் குற்றமே செய்யவில்லை’ என்று மேல்முறையீடு போக முடியாது. தண்டனையின் அளவு, அது சட்டப்படி சரியா என்ற இரண்டை மட்டும்தான் கேட்கலாம்.

தெருச் சண்டை வழக்குகளில் இன்னொரு வழி இருக்கிறது. வழக்கமாகப் போடும் மூன்று பிரிவுகள், இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த பி.என்.எஸ்.-ன் (பாரதிய நியாய சன்ஹிதா) 296(பி), 115(2), 351(2). ஆபாசமாகத் திட்டியது, அடித்தது, மிரட்டியது. பழைய 294(பி), 323, 506(1)-தான் இவை. அடித்ததும் மிரட்டியதும் சமரசம் ஆகக்கூடியவை. பாதிக்கப்பட்டவர் சமரசத்துக்கு வந்தால் அதன் விளைவு விடுதலை. அதே வழக்கில் ஒப்புக்கொண்டால் விளைவு தண்டனை. செலவு ஏறக்குறைய ஒன்றுதான், பதிவேட்டில் விழுவது நேரெதிர். ஒரு சிக்கல்: திட்டியதற்கான 296(பி) சமரசப் பட்டியலில் இல்லை. இரு தரப்பும் கைகுலுக்கிய பிறகும் அந்த ஒரு பிரிவு ஒட்டிக்கொண்டு நிற்கும். அதை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்தில் பி.என்.எஸ்.எஸ். 528-வது பிரிவில் மனு போட வேண்டிவரும்.

[திரையில்: தண்டனை]

முதல் வகுப்பு நடுவர் 3 ஆண்டு சிறை, 50,000 ரூபாய் அபராதம் வரை விதிக்கலாம். சின்ன வழக்குகளில் ‘கோர்ட் கலையும் வரை’ என்றும் தீர்ப்பு வரும். சாயங்காலம் வரை நீதிமன்றத்திலேயே உட்கார்ந்திருக்க வேண்டியதுதான், ஆனால் அதுவும் சிறைத்தண்டனைக் கணக்கே. முதல் முறை திருட்டு, பொருளின் மதிப்பு 5,000 ரூபாய்க்குள், பொருளையும் திருப்பிக் கொடுத்தாயிற்று என்றால் தண்டனை சமூக சேவை.

அபராதம் மட்டும் விதித்து, கட்டத் தவறினால் சிறை என்றிருக்கும்போது கையில் பணம் இல்லையா? 30 நாள் அவகாசமோ, இரண்டு மூன்று தவணையோ கேட்கலாம், பி.என்.எஸ்.எஸ். பிரிவு 464. கேட்காததால் உள்ளே போனவர்கள் உண்டு. விசாரணைக் காலத்தில் ரிமாண்டில் இருந்த நாட்களைச் சிறைத்தண்டனையில் கழிக்கச் சொல்வது பிரிவு 468. தேதிகளைத் தாளில் எழுதியே எடுத்துப் போங்கள்.

முதல் குற்றம் என்றால் 1958-ம் ஆண்டு நன்னடத்தைச் சட்டத்தையும் வாய்திறந்து கேட்க வேண்டும். 4-வது பிரிவில் நன்னடத்தையோடு இருப்பேன் என்று பத்திரம் எழுதிக் கொடுத்து வெளியே வரலாம். தண்டனையால் வரும் தகுதியிழப்பு ஒட்டாது என்று 12-வது பிரிவு சொல்கிறது. தீர்ப்பு அழிந்துவிடாது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

குற்றப் பேரம், அதாவது தண்டனையைக் குறைக்கப் பேசிக் குற்றத்தை ஒப்புக்கொள்வது, வேறு. குற்றச்சாட்டு வனைந்த 30 நாளுக்குள் எழுத்தில் மனுப் போட வேண்டும். 7 ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களுக்குத்தான். பெண்கள், குழந்தைகளுக்கு எதிரான குற்றங்களுக்கு இல்லை.

அரசு வேலை விண்ணப்பத்தில் ‘குற்ற வழக்கில் தண்டிக்கப்பட்டுள்ளீர்களா?’ என்று கேட்டிருந்தால், அந்த ரசீதுக்காரர் ‘ஆம்’ என்றுதான் எழுத வேண்டும். மறைத்தால், மறைத்ததற்காகவே வேலை போகலாம்.

குழப்பமாக இருந்தால் நடுவரிடம் சொல்ல வேண்டியது இவ்வளவுதான்: “ஐயா, வக்கீல்கிட்ட கேட்டுட்டுச் சொல்றேன், வாய்தா வேணும்.” வக்கீல் வைக்க வசதியில்லை என்றால் அதையும் அங்கேயே சொல்லுங்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலே சட்டப் பணிகள் குழு வக்கீல் தரும்.