கணக்கெடுப்பவரின் குரலில் ஒரு நகைச்சுவை: அயர்லாந்தின் இரண்டு எழுத்தாளர்கள்

[திரையில்: 18ஆம் நூற்றாண்டு டப்ளின் நகரத் தெருவின் ஓவியம்]

1729ஆம் ஆண்டு டப்ளினில் 'ஒரு பணிவான யோசனை' (A Modest Proposal) என்ற சிறு பிரசுரம் வெளிவந்தது. எழுதியவர் பெயர் அதில் இல்லை. ஏழைகளின் பிள்ளைகள் பெற்றோருக்கும் நாட்டுக்கும் பாரமாகாமல் தடுக்க ஒரு யோசனை வைத்திருப்பதாக மிகப் பணிவாகத் தொடங்குகிறது. பிறகு கணக்கு வருகிறது. ஏழை வீடுகளில் ஆண்டுக்கு 1,20,000 குழந்தைகள் பிறக்கின்றன. இனவிருத்திக்கு 20,000 பேர் போதும். மீதி 1,00,000 பேரை ஒரு வயது நிறைந்ததும் வசதி படைத்தவர்களின் உணவுக்கு விற்றுவிடலாம். ஒரு குழந்தைக்குப் பத்து ஷில்லிங் கொடுக்க யாரும் தயங்கமாட்டார்கள். தோலைப் பதப்படுத்தினால் சீமாட்டிகளுக்குக் கையுறை தைக்கலாம்.

எழுதியவர் ஜோனத்தன் ஸ்விஃப்ட். கலிவரை லில்லிபுட்டுக்கு அனுப்பிய அதே ஸ்விஃப்ட், டப்ளின் புனித பேட்ரிக் தேவாலயத்தின் தலைமைக் குரு.

ஐரிஷ் நகைச்சுவை என்றதும் மதுக்கடையும் விஸ்கியும் வாயாடிக் குடிகாரனும் பலருக்கு நினைவுக்கு வருகின்றன. லண்டன் நாடக மேடைகள் நெடுங்காலம் காட்டிய ஐரிஷ்காரன் அவன். அயர்லாந்து தானே தனக்காக எழுதிக்கொண்ட நகைச்சுவையின் வேரைத் தேடுபவர்கள் இந்தப் பிரசுரத்தில் தொடங்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

அதில் எங்கேயும் குரல் உயர்வதில்லை. பேசுபவர் நல்லவர், நாட்டுப்பற்று உள்ளவர், எண்களில் கெட்டிக்காரர். அந்தக் குரலுக்கு முன்மாதிரிகள் இருந்தன. 17ஆம் நூற்றாண்டில் அயர்லாந்தின் நிலங்களை அளந்த வில்லியம் பெட்டி, மக்களையும் தலைக்கு இத்தனை பவுண்டு என்று மதிப்பிட்டு எழுதினார். 'அரசியல் கணிதம்' என்று அதற்குப் பெயர். ஸ்விஃப்ட் அந்தக் கணிதத்தை எதிர்த்து வாதாடவில்லை. அதை அப்படியே எடுத்து, அது போகக்கூடிய கடைசி எல்லை வரை நடத்திக்கொண்டு போனார்.

முகமூடி ஓரிடத்தில் மட்டும் சற்று விலகுகிறது. இந்த இறைச்சி விலை கூடுதலாக இருக்கும், ஆகவே நிலவுடைமையாளர்களுக்கே பொருத்தமானது என்கிறார். பெற்றோரில் பெரும்பாலோரை அவர்கள் ஏற்கெனவே விழுங்கிவிட்டதால், பிள்ளைகள் மீதும் அவர்களுக்கே முதல் உரிமை உண்டாம். சிரிப்பு வந்த இடத்திலேயே தொண்டை அடைத்துவிடும் வரி இது.

[திரையில்: அயர்லாந்து வரைபடம், துறைமுகங்கள்]

அந்தக் கோபத்துக்குக் காரணங்கள் கண்முன்னே இருந்தன. அயர்லாந்தின் கம்பளித் துணி ஏற்றுமதியை இங்கிலாந்துப் பாராளுமன்றம் 1699இலேயே முடக்கியிருந்தது. நிலத்தின் சொந்தக்காரர்களில் பலர் இங்கிலாந்தில் வாழ்ந்தபடி குத்தகையை வாங்கிக்கொண்டிருந்தார்கள். பிரசுரம் வருவதற்கு முந்தைய ஆண்டுகளில் விளைச்சலும் பொய்த்தது. உள்நாட்டுத் துணியையே வாங்குங்கள் என்று ஸ்விஃப்ட் 1720இல் நேரடியாக எழுதியபோது அச்சிட்டவர் மீது வழக்குப் பாய்ந்தது. 1724இல் ஒரு துணி வியாபாரியின் பெயரில், அயர்லாந்தின் மீது திணிக்கப்பட்ட செப்புக்காசுகளை எதிர்த்துக் கடிதங்கள் எழுதினார். எழுதியவரைக் காட்டிக்கொடுத்தால் 300 பவுண்டு பரிசு என்று அரசு அறிவித்தது. எழுதியவர் யார் என்பது டப்ளினில் பலருக்குத் தெரியும். காட்டிக்கொடுக்க ஒருவரும் முன்வரவில்லை.

வெளிநாட்டில் இருக்கும் நிலக்காரர்களுக்கு வரி போடுவது, உள்நாட்டுப் பொருளை வாங்குவது, குத்தகைக்காரர்களிடம் சிறிதாவது இரக்கம் காட்டுவது என்று ஸ்விஃப்ட் மனதார விரும்பிய தீர்வுகள் 1729ஆம் ஆண்டுப் பிரசுரத்திலும் இருக்கின்றன. அவற்றையெல்லாம் வரிசையாகச் சொல்லி, 'இவற்றைப் பற்றி என்னிடம் யாரும் பேச வேண்டாம்' என்று அந்தக் கணக்காளர் ஒதுக்கித் தள்ளுகிறார். சொல்லிச் சொல்லிப் பயனில்லாமல் போன ஒரு மனிதரின் களைப்பு அந்தப் பத்தியில் இருக்கிறது. ஸ்விஃப்ட் ஆளும் புராட்டஸ்டன்ட் வகுப்பைச் சேர்ந்தவர், பசியில் கிடந்த கத்தோலிக்கக் குடியானவர்களில் ஒருவர் அல்லர் என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

[திரையில்: தட்டச்சுப் பொறி, மழை பெய்யும் மேற்குக் கடற்கரை]

இரண்டு நூற்றாண்டுகள் தாண்டுவோம். பிரையன் ஓநோலன், 1911இல் பிறந்தவர், ஐரிஷ் மொழி பேசிய வீட்டில் வளர்ந்தவர், டப்ளினில் அரசு ஊழியர். பகலில் கோப்பு பார்த்தவர், புனைபெயர்களில் எழுதினார். ஃபிளான் ஓபிரையன் என்ற பெயரில் நாவல்கள், மைல்ஸ் ந கொபலீன் என்ற பெயரில் ஐரிஷ் டைம்ஸ் நாளிதழில் பத்தி. 1941இல் ஐரிஷ் மொழியிலேயே 'அன் பேல் பொக்ட்' ('ஏழை வாய்', ஆங்கிலத்தில் The Poor Mouth) என்ற சிறு நாவலை வெளியிட்டார்.

கதை நடக்கும் ஊரில் மழை ஓய்வதே இல்லை, உருளைக்கிழங்கைத் தவிர உணவும் இல்லை. வீட்டில் ஆங்கிலம் பேசும் ஒவ்வொரு பிள்ளைக்கும் இரண்டு பவுண்டு மானியம் என்று அறிவிப்பு வருகிறது. வீட்டில் அத்தனை பிள்ளைகள் இல்லை. கிழவர் பன்றிக்குட்டிகளுக்குச் சட்டை போட்டு இருட்டில் உட்கார வைக்கிறார். ஆய்வாளர் வாசலில் நின்று தலைகளை எண்ணிக்கொண்டு போகிறார். சட்டை போட்ட ஒரு பன்றி பின்னொரு நாள் வழிதவறி வேறொரு குடிசைக்குள் நுழைகிறது. நாட்டார் வழக்குச் சேகரிக்க வந்த அறிஞர் ஒருவர் அதன் உறுமலைத் தம் கருவியில் பதிவு செய்கிறார். புரியவில்லை, ஆகவே இது மிக உயர்ந்த ஐரிஷ் என்று மகிழ்கிறார். பெர்லின் அறிஞர்களும் பாராட்டுகிறார்கள்.

ஸ்விஃப்டின் கணக்காளர் குழந்தைகளைக் கால்நடையாக எண்ணினார். ஓநோலனின் ஆய்வாளர் பன்றிகளைக் குழந்தைகளாக எண்ணுகிறார். எண்ணுபவர் இரண்டு இடத்திலும் எதிரே இருப்பவரைப் பார்ப்பதே இல்லை. ஓநோலன் ஆங்கில ஆட்சியை மட்டும் அடிக்கவில்லை. ஏழையின் வறுமையை அழகென்று ரசித்துவிட்டு டப்ளினுக்குத் திரும்பும் தன் நாட்டு மொழிப்பற்றாளர்களையும் சேர்த்தே அடித்தார். நான் அவரை மதிப்பது இதற்காகவே.

நாவலின் முடிவில் கதாநாயகன் மீது வழக்கு நடக்கிறது, முழுவதும் ஆங்கிலத்தில். அவனுக்கு ஒரு சொல்லும் புரியவில்லை. 29 ஆண்டு சிறை.

இது கற்பனை மிகை என்று தோன்றினால் 1882ஆம் ஆண்டைப் பாருங்கள். மாம்ட்ராஸ்னா கொலை வழக்கில் மைல்ஸ் ஜாய்ஸ் என்ற, ஐரிஷ் மட்டுமே பேசிய மனிதர், ஆங்கிலத்தில் நடந்த விசாரணைக்குப் பின் கால்வே சிறையில் தூக்கிலிடப்பட்டார். 2018இல் அயர்லாந்து ஜனாதிபதி மைக்கேல் டி. ஹிக்கின்ஸ் அவருக்கு மன்னிப்பு வழங்கினார்.

ஓநோலனின் நாவலுக்கு பேட்ரிக் பவர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு 1973இல் வந்தது. ஸ்விஃப்டின் பிரசுரமோ ஒரே மூச்சில் படித்து முடிக்கக்கூடிய அளவுதான். அதை முதலில் படியுங்கள். தீர்வுகள் வரிசையாக வரும் அந்தப் பத்தியை மட்டும் இரண்டு முறை படியுங்கள்.