குரலால் பேர் வாங்கியவர், குரலே இல்லாமல் மிரட்டியவர்: ஆக்னஸ் மூர்ஹெட்

வணக்கம் மக்களே! அமெரிக்காவில் 1964 முதல் 1972 வரை ஓடிய 'பிவிட்ச்ட்' தொடரில் எண்டோரா என்று ஒரு மாமியார் வருவார். அவர் சூனியக்காரி, மாப்பிள்ளையோ சாதாரண மனிதன். அந்தக் கடுப்பில் அவன் பெயரைக்கூட ஒழுங்காகச் சொல்ல மாட்டார். டாரினை டர்வுட் என்பார். நம்ம சீரியல் மாமியார்களே இவரிடம் டியூஷன் போகலாம்! நடித்தவர் ஆக்னஸ் மூர்ஹெட். இவரை அந்த மாமியாராக மட்டும் நினைவு வைத்திருப்பது அநியாயம் என்பது என் கருத்து.

1900இல் பிறந்தவர். ரேடியோ நாடகங்களில் வளர்ந்து, நடிகரும் இயக்குநருமான ஆர்சன் வெல்ஸின் மெர்குரி தியேட்டர் நாடகக் குழுவில் சேர்ந்து, நாற்பது வயதில்தான் சினிமாவுக்கு வருகிறார். 1941இல் 'சிட்டிசன் கேன்', அதில் நாயகனுக்கு அம்மா. கொஞ்ச நேரம்தான் வருகிறார். பெற்ற மகனை வேறொருவர் பொறுப்பில் ஒப்படைக்கக் கையெழுத்துப் போடும்போது அந்த முகத்தைப் பாருங்கள், அழுகையே இருக்காது.

அடுத்த வருடம் 'தி மேக்னிஃபிசன்ட் ஆம்பர்சன்ஸ்'. ஸ்டுடியோ அந்தப் படத்தைக் கன்னாபின்னாவென்று வெட்டியது. ஆனாலும் இவர் நடித்த கல்யாணமாகாத அத்தை ஃபேனி தப்பித்துவிட்டார். கையில் காசில்லாமல், சூடே இல்லாத பாய்லரில் சாய்ந்து உட்கார்ந்து உடைந்துபோகிற காட்சி ஒன்று போதும். நியூயார்க் விமர்சகர்கள் அந்த வருடத்தின் சிறந்த நடிகை விருதை இவருக்குத்தான் கொடுத்தார்கள். ஆஸ்கர்? துணை நடிகைக்கான பரிந்துரை மட்டும். மொத்தம் நான்கு தடவை பரிந்துரை, ஒன்றுகூடக் கைக்கு வரவில்லை.

எனக்கு நிஜமாகவே வயிற்றெரிச்சல் இதுதான்: 1943இல் 'சாரி, ராங் நம்பர்' என்ற ரேடியோ நாடகம். படுக்கையில் கிடக்கும் ஒரு பெண்ணுக்கு, போன் லைன் மாறியதில் ஒரு கொலைத் திட்டம் காதில் விழுகிறது. ஏறக்குறைய முழு நாடகமும் அந்தப் பெண்ணின் பதற்றக் குரல்தான். அந்தக் குரல் மூர்ஹெட்டுடையது. மறுபடி மறுபடி நடிக்கச் சொல்லும் அளவுக்கு ஹிட். ஆனால் 1948இல் அதுவே படமானபோது வாய்ப்பு பார்பரா ஸ்டான்விக்குக்குப் போனது. ஸ்டான்விக் மோசமில்லை, ஆஸ்கர் பரிந்துரையும் வாங்கினார். இருந்தாலும் மார்க்கெட் உள்ள முகம் கேட்கிற ஸ்டுடியோ புத்தி இருக்கிறதே!

சரி, டிவிக்கு வருவோம். 1961இல் 'தி ட்விலைட் ஸோன்' தொடரில் 'தி இன்வேடர்ஸ்' என்ற எபிசோட். தனியாக ஒரு வீட்டில் வசிக்கும் பெண், கூரைமேல் வந்திறங்கும் ஒரு குட்டிப் பறக்கும் தட்டு. குரலுக்காகவே பேர் வாங்கிய நடிகைக்கு இதில் ஒரு வரி வசனம் கிடையாது. மூச்சிரைப்பு, முனகல், அலறல், அவ்வளவுதான். உடம்பை மட்டும் வைத்து மொத்தக் கதையையும் தாங்குகிறார்.

எண்டோராவுக்காக ஆறு தடவை எம்மி (அமெரிக்க டிவி விருது) பரிந்துரை வந்தது. ஆனால் 1967இல் அவர் ஜெயித்த எம்மி, 'தி வைல்ட் வைல்ட் வெஸ்ட்' தொடரில் விருந்தினராக வந்ததற்கு. 1974இல் காலமானார்.

புதிதாகப் பார்க்கப்போகிறவர்கள் 'இன்வேடர்ஸ்'ஸிலிருந்து ஆரம்பியுங்கள், அரை மணி நேரம்கூட ஆகாது. ஏற்கெனவே பார்த்தவர்களே, தயவுசெய்து கமெண்டில் அந்த க்ளைமாக்ஸை மட்டும் உடைத்துவிடாதீர்கள்.