பத்து ஏக்கரும் ஒரு பறவைத் தோலும்

அவையில் இருக்கும் பெரியவர்களுக்கும் நண்பர்களுக்கும் என் வணக்கம்.

இன்று நான் பேச எடுத்துக்கொண்டது வால்டர் மேண்டெல் என்ற மனிதரின் கதை. பத்தொன்பதாம் நூற்றாண்டு நியூசிலாந்தில் அமைச்சராக இருந்தவர், பழம்பொருள் சேகரித்தவர், அரசாங்கத்துக்காக நிலம் அளந்தவர். அந்த நிலம் அளந்த வேலைதான் பல மாதங்களாக என் மனதைவிட்டுப் போகாமல் இருக்கிறது.

அவருடைய அப்பா கிடியன் மேண்டெல் இங்கிலாந்தில் வைத்தியர். இகுவானோடான் என்ற டைனோசருக்குப் பெயர் வைத்தவர். வீடு நிறைய எலும்பும் புதைபடிவமும்தான். அந்த வீட்டில் வளர்ந்த வால்டர், 20 வயது நிரம்பும் முன்பே, 1840 ஜனவரியில் வெலிங்டனில் வந்து இறங்கினார். தபால் அலுவலகத்தில் வேலை கிடைத்தது. ஆனால் கண் என்னவோ மண்ணில்தான் இருந்தது.

1847-இல் வைங்கோங்கோரோ ஆறு கடலில் சேரும் இடத்து மணலிலிருந்து நூற்றுக்கணக்கான எலும்புகளை எடுத்தார். பெரும்பாலானவை மோவாவின் எலும்புகள். தலையை நிமிர்த்தினால் 12 அடி எட்டும் வகைகூட அந்தப் பறவையில் உண்டு. அது அழிந்து பல நூற்றாண்டுகள் ஆகிவிட்டன. எலும்புகள் லண்டன் போய்ச் சேர்ந்தன. அவற்றில் சிறிய பறவை ஒன்றின் எலும்பும் கிடந்தது. அதைப் பார்த்த உடற்கூறு அறிஞர் ரிச்சர்ட் ஓவன், மேண்டெல் பெயரையே சேர்த்து அதற்குப் பெயரிட்டார். இதுவும் அழிந்துபோன இனம் என்றுதான் நினைத்தார்கள்.

ஆனால் 1849-இல், நியூசிலாந்தின் தென்மேற்குக் கோடியில் உள்ள ரெசல்யூஷன் தீவில், கடல்நாய் வேட்டைக்காரர்கள் பனியில் புதிதாகப் பதிந்த பெரிய காலடித் தடங்களைப் பார்த்தார்கள். நாய்களை விட்டு விரட்டினார்கள். அலறிக்கொண்டு போராடிய அந்தப் பறவையைப் பிடித்து, மூன்று நான்கு நாள் கப்பலில் உயிரோடு வைத்திருந்து, அப்புறம் கொன்று வறுத்துத் தின்றுவிட்டார்கள். நல்ல வேளையாகத் தோலை எறியவில்லை. மேண்டெல் அவர்களைச் சந்தித்து அந்தத் தோலை வாங்கினார். ஓவன் பெயரிட்ட அதே பறவை, தகாஹே என்கிற நீலப் பறவை, உயிரோடு இருக்கிறது என்று உலகத்துக்குத் தெரிந்தது அதனால்தான். 1852-இல் ஓமாரு அருகே அவாமோவாவில், மண்மூடிப்போன பழைய அடுப்புக் குழிகளைத் தோண்டினார். மோவா எலும்பும் கல் கருவிகளும் ஒரே குழியில் கிடந்தன. இங்கே மனிதர்கள் இதைச் சமைத்துச் சாப்பிட்டிருக்கிறார்கள் என்று புரிந்துகொண்டார்.

உடைந்த எலும்பை வைத்து இவ்வளவு படிக்கத் தெரிந்தவர் அவர். இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே கேளுங்கள்.

1848 ஜூன் 12. அகரோவா துறைமுகத்தில் நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளில் ங்காய் தஹு என்ற இனக்குழுவின் தலைவர்கள் ஒரு கிரயப் பத்திரத்தில் குறியிட்டார்கள். அரசாங்கத்துக்காக வாங்கியவர் கெம்ப். கிரயத் தொகை 2,000 பிரிட்டிஷ் பவுன். நிலமோ ஒரு கோடியே 35 லட்சம் ஏக்கருக்கு மேல், தென் தீவில் மூன்றில் ஒரு பங்குக்கும் அதிகம். கணக்குப் போட்டால் ஒரு பவுனுக்கு 6,700 ஏக்கருக்கு மேல் வருகிறது. இரண்டே வருடம் கழித்து அதே சமவெளியில் குடியேறிகளுக்கு ஏக்கர் 3 பவுன் என்று விற்றார்கள். பெரும் பரப்பு ஆட்டுப் பண்ணைகளாயிற்று.

மாவோரி மொழிப் பத்திரத்தில் ஒரு நிபந்தனை இருந்தது. எங்கள் வீடுகளும் எங்கள் ‘மஹிங்கா காய்’ இடங்களும் எங்களுக்கே விடப்பட வேண்டும் என்பது அது. காய் என்றால் உணவு. விலாங்கு பிடிக்கும் ஓடை, பறவை பிடிக்கும் காடு, கிழங்கு தோண்டும் மேடு, உப்பங்கழி எல்லாமே அதில் அடக்கம். ஆங்கிலப் பத்திரத்தில் அந்தச் சொல்லைப் ‘பயிர்த் தோட்டம்’ என்று சுருக்கிவிட்டார்கள். ஒரு மக்களின் சாப்பாடு முழுக்க அந்த ஒரு சொல்லுக்குள் இருந்தது, ஐயா!

அவர்களுக்கு எவ்வளவு நிலம் விடுவது என்று பிரித்துக் கொடுக்கப் போனவர் மேண்டெல். தலைக்கு 10 ஏக்கர் என்பது கணக்கு. 637 பேரை எண்ணினார். மொத்தம் 6,359 ஏக்கர் ஒதுக்கினார். மதியாஹா திராமோரெஹு என்ற தலைவர், இது போதாது என்று நேருக்கு நேர் வாதாடினார். 1849-இல் அரசாங்கத்துக்கு எழுதியும் போட்டார். பலன் இல்லை. பள்ளிக்கூடம் வரும், ஆஸ்பத்திரி வரும் என்று மேண்டெல் வாயால் சொல்லித்தான் அங்கும், அதன் பிறகு வாங்கிய தெற்கு நிலங்களிலும் மக்களை இணங்க வைத்தார்.

இரண்டும் வரவில்லை. அது அவரை அரித்தது. 1856-இல் லண்டன் போய், காலனி நாடுகளைக் கவனித்த அமைச்சரகத்தின் கதவைத் தட்டினார். கவர்னர் வழியாக வா என்று திருப்பி அனுப்பினார்கள், பதவியை விட்டார். ஊர் திரும்பி நாடாளுமன்ற உறுப்பினரானார். 1861-இல் மாவோரி விவகார அமைச்சராகவும் ஆனார். நான் கொடுத்த வாக்கை நிறைவேற்றுங்கள் என்று கேட்டார், மறுத்தார்கள், சில மாதங்களிலேயே ராஜினாமா செய்தார். 1866 முதல் மேலவையில் இருந்தார், 1895-இல் சாகும்வரை.

அவருடைய வருத்தம் உண்மையானது என்றே நம்புகிறேன். பதவியைத் தூக்கிப் போடுவது லேசில்லை. ஆனாலும் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியாது. அடுப்புக் குழியைப் பார்த்தே அங்கே என்ன சமைத்தார்கள் என்று சொன்னவருக்கு, எதிரே நின்று பேசிய திராமோரெஹுவின் ஜனங்கள் எதைச் சாப்பிட்டு வாழ்கிறார்கள் என்பது தெரியாமல் போயிருக்காது. தெரிந்துதான் 10 ஏக்கர் அளந்தார். அந்த இடத்தில் என்னால் அவரை மன்னிக்க முடியவில்லை.

ங்காய் தஹு மக்கள் விடவில்லை. மனு மேல் மனு, விசாரணை மேல் விசாரணை என்று தலைமுறை தலைமுறையாகப் போராடினார்கள். 1991-இல், மாவோரிகளின் புகார்களை விசாரிக்கும் வைதாங்கி தீர்ப்பாயம் அவர்கள் பக்கம் நியாயம் இருப்பதைச் சொன்னது. 1997-இல் 17 கோடி நியூசிலாந்து டாலருக்கு உடன்பாடு ஆனது, 1998-இல் அது சட்டமானது. அந்த வருடம் நவம்பரில் பிரதமர் ஜென்னி ஷிப்லி ஓனுகு என்ற ஊருக்கு வந்து, அரசின் மன்னிப்பை அந்த மக்கள் முன்னால் சொன்னார். ஓனுகு இருப்பது அகரோவா துறைமுகக் கரையில்தான். 150 வருடத்துக்கு முன்னால் அந்தப் பத்திரத்தில் குறியிட்ட அதே துறைமுகம்.