‘அம்மாகிட்ட சொல்லாதே’: க்ரூமிங்கை அடையாளம் காண்பது எப்படி?

[காட்சி: வீட்டுக் கூடம். பெரியவர்கள் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.]

ஏழு வயதுப் பிள்ளைக்கு ஒரு மாமா கிச்சுகிச்சு மூட்டுகிறார். பிள்ளை சிரிக்கிறது. “போதும் மாமா” என்கிறது. அவர் நிறுத்தவில்லை. “விடுங்க மாமா!” இப்போது குரலில் சிரிப்பு இல்லை. அவர் இன்னும் நான்கைந்து நொடி விடாமல், ஓரக்கண்ணால் நம்மைப் பார்க்கிறார். நாம் பேச்சைத் தொடர்கிறோம்.

இந்த மாமா நல்ல மனிதராகவே இருக்கலாம். ஆனால் ஒரு பிள்ளையைப் பாலியல்ரீதியாகப் பயன்படுத்தத் திட்டமிடுகிறவரும் இப்படித்தான் ஆழம் பார்ப்பார். பிள்ளை ‘வேண்டாம்’ என்றால் யாராவது தடுக்கிறார்களா? தடுக்கவில்லை என்றால் அடுத்த முறை இன்னும் கொஞ்சம் எல்லை மீறுவார்.

இதற்குத்தான் க்ரூமிங் என்று பெயர். அத்துமீறலுக்கு முன்னால், நாட்கணக்கிலோ வருடக்கணக்கிலோ, பொறுமையாக நடக்கும் தயாரிப்பு வேலை அது. பெரும்பாலும் செய்கிறவர் குடும்பத்துக்குத் தெரிந்தவர்தான். ஆண், பெண், பதின்வயதுப் பையன், யாராகவும் இருக்கலாம். ஆண் பிள்ளைகளும் பாதிக்கப்படுகிறார்கள்.

பலர் கவனிக்கத் தவறுவது ஒன்று உண்டு: அவர் முதலில் வசப்படுத்துவது பெரும்பாலும் நம்மைத்தான். அமெரிக்க ஜிம்னாஸ்டிக்ஸ் அணியின் மருத்துவராக இருந்த லாரி நாசர், சிகிச்சை என்ற பெயரில் சிறுமிகளிடம் அத்துமீறியபோது சில சமயம் பெற்றோர் அதே அறையில் இருந்தார்கள். அவருடைய உடம்பு பார்வையை மறைத்ததால் பெற்றோருக்குத் தெரியவில்லை. மறைக்காவிட்டாலும் அவரைச் சந்தேகிக்கும் மனநிலையில் அவர்கள் இல்லை. 2018 ஜனவரியில், தண்டனைக்கு முன்பு நீதிமன்றத்தில் பாதிக்கப்பட்ட 150-க்கும் மேற்பட்டோரின் வாக்குமூலங்கள் கேட்கப்பட்டன. அந்தப் பெற்றோர் அசட்டையாக இருந்தவர்கள் அல்ல. நம்பும்படி பக்குவப்படுத்தப்பட்டவர்கள்.

[காட்சி: பிள்ளையின் கையில் ஒரு சின்னப் பொட்டலம்.]

அப்படியானால் எதைக் கவனிப்பது? தனிமை, ரகசியம் இரண்டையும். “நான் கொண்டுபோய் விடுறேன், நீங்க ஏன் சிரமப்படணும்?” என்று திரும்பத் திரும்ப வந்து தனியாக அழைத்துப் போக வழி தேடுவது. ஒரு பிள்ளைக்கு மட்டும் பரிசு. “உன்னை வீட்ல யாருக்கும் புரியல, எனக்குத்தான் புரியும்” என்று மெல்லப் பிரிப்பது. தற்செயல்போலத் தொடுவது, ஆபாசமாக ஒரு ஜோக் சொல்வது, ஒரு படம் காட்டுவது. பிறகு “அம்மாகிட்ட சொல்லாதே, திட்டுவாங்க.” பரிசை வாங்கிக்கொண்ட பிள்ளை அந்த நிமிடமே தானும் தப்பில் கூட்டு என்று நினைத்துக்கொள்கிறது. பிள்ளையின் வாயைக் கட்டுவது அந்த நினைப்புதான்.

ஆன்லைனில் இதே வேலை வேகமாக நடக்கும். விளையாட்டு சாட்டில் பழகியவர் தனி ஆப்புக்கு வரச் சொல்வார், “உன் போனை வேற யாரு பார்ப்பாங்க?” என்று கேட்பார், ஒரு போட்டோ கேட்பார், கிடைத்ததும் மிரட்டுவார். போனைப் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயத்திலேயே பல பிள்ளைகள் சொல்வதில்லை. “என்ன நடந்தாலும் போனைப் பிடுங்க மாட்டேன்” என்று இன்றைக்கே வாக்குக் கொடுங்கள், காப்பாற்றுங்கள். மிரட்டல் வந்தால் பணம் அனுப்ப வேண்டாம். சாட் செய்திகளை அழிக்கவும் வேண்டாம், அதுதான் சாட்சி.

வீட்டில் ஒரு விதி போதும்: சர்ப்ரைஸ் இருக்கலாம், ரகசியம் கூடாது. பிறந்தநாள் பரிசு என்றால் அன்றைக்கு எல்லோருக்கும் தெரிந்துவிடும். யாருக்கும் எப்போதும் சொல்லக் கூடாது என்று ஒரு பெரியவர் சொன்னால், அதைத்தான் முதலில் வந்து சொல்ல வேண்டும். உடல் உறுப்புகளுக்குச் சரியான பெயர் சொல்லிக்கொடுங்கள். யாருக்கும் முத்தம் கொடு என்று வற்புறுத்தாதீர்கள். அந்த மாமாவிடமும் சொல்லலாம்: “அவ போதும்னு சொல்றா, விட்டுடுங்க.” நல்லவர் உடனே விடுவார். ஒருமுறை சொல்லியும் மறுபடி செய்கிறவரைத் தள்ளியே வையுங்கள், மனஸ்தாபம் வந்தாலும் பரவாயில்லை.

[காட்சி: அம்மாவும் பிள்ளையும் மட்டும்.]

பிள்ளை வந்து சொல்லிவிட்டால்? “ஏன் முன்னாடியே சொல்லல?” என்று தயவுசெய்து கேட்காதீர்கள். “சொன்னது நல்லதுடா கண்ணு. உன்னை நம்புறேன். உன் மேல தப்பே இல்ல.” அவ்வளவு போதும். துருவித் துருவிக் கேட்காமல், பிள்ளை சொன்ன வார்த்தைகளை அப்படியே எழுதிவையுங்கள். அந்த ஆளிடம் நீங்களே போய்ச் சண்டை போட்டால் அவர் உஷாராகிவிடுவார். காவல்துறையிடமோ குழந்தைகள் உதவி எண்ணிலோ சொல்லுங்கள்.

சில நாள் கழித்து, வீட்டில் நடக்கும் அழுகையையும் சண்டையையும் பார்த்துவிட்டு, “நான் சும்மாதான் சொன்னேன்” என்று பிள்ளை பின்வாங்கலாம். தாமதமாகச் சொல்வதையும், சொன்னதை மறுப்பதையும் ரோலண்ட் சம்மிட் என்ற மனநல மருத்துவர் 1983-லேயே விவரித்திருக்கிறார். பிள்ளை பின்வாங்கியதைக் கேட்டு நிம்மதியாகி விஷயத்தை மூடிவிடாதீர்கள். விசாரிப்பவர்களிடம் அதையும் சொல்லுங்கள். இடைப்பட்ட நாட்களில் பிள்ளையிடம் யார் யார் பேசினார்கள் என்றும் பாருங்கள்.