ஹட்சனின் ரகரம்

நேயர்களுக்கு வணக்கம்.

குணசித்திர நடிகர் என்றதும் முகம்தான் நினைவுக்கு வரும். கிளாஸ்கோவில் 1923இல் பிறந்த கார்டன் ஜாக்சனுக்கோ முதலில் கைகொடுத்தது குரல். பள்ளிக்கூட நாளிலேயே பிபிசி வானொலியில் நடித்தவர். பிறகு ரோல்ஸ் ராய்ஸில் வரைவாளர் வேலை. ஈலிங் ஸ்டுடியோவுக்கு ஓர் இளம் ஸ்காட்லாந்துச் சிப்பாய் தேவைப்பட, 1942இல் ‘தி ஃபோர்மேன் வென்ட் டு ஃபிரான்ஸ்’ படத்தில் நுழைந்தார்.

அதற்கப்புறம் சிப்பாய், சாதுவான பையன் என்று ஒரே அச்சு வேடங்கள். ‘விஸ்கி கலோர்’ (1949) படத்தில் அம்மாவுக்கு நடுங்கும் வாத்தியார். விஸ்கி உள்ளே போனால்தான் எதிர்த்துப் பேச வாய் திறக்கும்.

‘தி கிரேட் எஸ்கேப்’ (1963) பார்த்தவர்கள் அந்தப் பேருந்துக் காட்சியை மறந்திருக்க மாட்டார்கள். ஜெர்மன் சிறைமுகாமிலிருந்து தப்பிய கைதியாக ஜாக்சன், பிரெஞ்சுக்காரர் போல நடிக்கிறார். பேருந்தில் ஏறும்போது நாஜி ரகசியப் போலீஸான கெஸ்டபோவின் ஆள் ஆங்கிலத்தில் “குட் லக்” என்கிறான். இவர் சட்டென்று “தேங்க் யூ” என்றுவிடுகிறார். இதே பொறியில் விழாதே என்று முகாமில் மற்றவனைக் கண்டித்தவரும் இவரே! பயத்தை ஒரு நொடி முன்னால் முகத்தில் காட்டியிருந்தால் காட்சி படுத்திருக்கும். முதலில் மரியாதை, பிறகுதான் திகில். அந்த வரிசையை அவர் மாற்றவில்லை.

1971இல் ‘அப்ஸ்டேர்ஸ், டவுன்ஸ்டேர்ஸ்’ தொடர். லண்டன் பிரபு வீட்டில் பட்லர் ஹட்சனாக ஜாக்சன். தொழில்நுட்பக் கலைஞர்களின் ஊதியத் தகராறால் தொடக்க எபிசோடுகள் கறுப்பு வெள்ளையில்தான் பதிவாயின. 1975க்குள் மொத்தம் 68 எபிசோடுகள். இங்கிலாந்துக்காரர் வாயில் சொல்லின் கடைசி ‘ர்’ கரைந்துபோகும். ஸ்காட்லாந்துக்காரர் அதை விடமாட்டார். ஹட்சன் ‘சர்’ என்றால் அந்த ‘ர்’ காதில் விழும். பணிவான சொல்தான், ஆனால் முதுகு வளையாத பணிவு. உச்சரிப்பைக் கொஞ்சம் கூட்டியிருந்தால் கோமாளி. முழுக்க மழித்திருந்தால் இன்னொரு லண்டன் பட்லர்.

1977இல் ‘தி புரொஃபஷனல்ஸ்’ தொடரில் உளவுப் பிரிவுத் தலைவர் கவ்லி. அதே குரல்தான், ஆனால் ஹட்சன் வாக்கியத்தை மடித்து வைப்பார், கவ்லி வெட்டிப் போடுவார். கார் துரத்தல்கள் எனக்கு அலுப்பு, இவருக்காகப் பார்க்கலாம்.

ஒரே ஒரு எபிசோடுக்குத்தான் நேரம் என்றால், ‘அப்ஸ்டேர்ஸ், டவுன்ஸ்டேர்ஸ்’ தொடரில், 1976இல் அவருக்குத் துணை நடிகருக்கான எம்மி என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி விருது வாங்கித் தந்த ‘தி பீஸ்ட்லி ஹன்’ போதும். முதல் உலகப் போர்க்காலம். ஜெர்மானியர் மீதான வெறுப்பு ஹட்சனுக்குள்ளும் ஏறுகிறது. இத்தனை நாள் வீட்டையே கட்டிக்காத்த அந்த ஒழுங்கான, நிதானமான ரகரம் இப்போது கேட்பவரை நடுங்க வைக்கிறது.